தகடூர்ப் போரும் இருபாற் புலவரும்

ஓசூரினின்று கிருட்டிணகிரி வழியாகத் தருமபுரிக்குச் செல்லும் நெடுஞ்சாலையின் இருமருங்கும் இன்று ஆலைகளும் பண்டகசாலைகளும் நிறைந்துள்ளன. கன்னட நாட்டு எல்லையை அடுத்த இந்நிலப்பகுதி 1965ஆம் ஆண்டு வரை சேலம் மாவட்டத்திலும், பின்னர்த் தருமபுரி மாவட்டத்திலும் அடங்கியிருந்து, 2004ஆம் ஆண்டில் கிருட்டிணகிரி மாவட்டமாகத் தனித்து நின்றது. தொழில் வளத்தாற் பெயர்பெற்ற இந்நிலமே, சங்க காலத்தில் அதியர் குடி ஆண்ட தகடூர் நாட்டின் சூழலில் அமைந்ததாகும். தகடூர் என்பது இன்றைய தருமபுரியே. அதன் தென்பால் உள்ள அதியமான்கோட்டை என்னும் ஊர்ப்பெயர் அப்பழைய குடியை இன்றும் நினைவுறுத்தும். அவ்வூரை முற்றி அழித்தவன் சேரமான் பெருஞ்சேரல் இரும்பொறை. அப்போர் பற்றிய பாடல்களே ஈண்டு ஆராயப் பெறுவன.

தமிழ் மூவேந்தர்க்கும் வேளிர்க்கும் இடையே நிகழ்ந்த போர்கள் பல. அவற்றுள் தகடூர்ப் போரினைத் தனித்து நோக்குதற்குரிய காரணம் இரண்டு. முற்றினோனும் முற்றப்பட்டோனும் ஒரு குடியைச் சார்ந்தோர் என்று கருதுதற்கு இடமிருத்தல் ஒன்று. இரு பக்கத்தும் பெரும்புலவர் நின்று பாடியதோடு, ஒரே புலவர் இரு பக்கத்தாரையும் பாடியிருத்தல் மற்றொன்று. உள்நாட்டுப் போரில் பாட்டின் கடன் யாது என்னும் வினாவுக்குத் தமிழ் தரும் மிகப் பழைய விடைகளுள் இப்பாடல்களும் அடங்கும்.

குடியுறவு பற்றி முதற்கண் கூறுதல் வேண்டும். அசோகனின் இரண்டாம் பாறைக் கல்வெட்டுச் சோழ பாண்டியரோடு சதியபுதோ என்றும் கேரளபுதோ என்றும் இரு மரபினரை வேறுவேறாகக் குறிக்கின்றது. சதியபுதோ யாவர் என்பது பன்னெடுங்காலம் வழக்கிற் கிடந்தது. 1981ஆம் ஆண்டு திருக்கோவலூரை அடுத்த சம்பையில் கண்டறியப்பட்ட தமிழ்ப் பிராமிக் கல்வெட்டு, சதியபுதோ என்னும் அடையுடன் அதியன் நெடுமான் அஞ்சியின் பெயரைத் தந்து அவ்வழக்கினை முடித்து வைத்தது. அக்கல்வெட்டின் காலம் பற்றி அறிஞரிடை ஒற்றுமையில்லை. ஆயினும் பெயர் பற்றி ஐயமில்லை. இதனால் அதியர் சேரரின் வேறாய தனியரசர் என்பது பெறப்படும். அவ்வாறாயின் ஒரு குடியினர் என்றல் எங்ஙனம் எனின், போளூரை அடுத்த திருமலையில் உள்ள பிற்காலக் கல்வெட்டு அதற்கு விடையிறுக்கும். 12, 13ஆம் நூற்றாண்டுகளை ஒட்டி வாழ்ந்த விடுகாதழகிய பெருமாள் என்னும் தகடூர்த் தலைவன், தன் முன்னோனாகிய எழினியைச் சேர வமிசத்தவன் என்றே அதன்கண் குறிக்கின்றான்.

ஆயிரம் ஆண்டுக்குப் பின் வந்தோன் தன் குலப்பெருமைக்குக் கூறியதனைச் சங்க காலத்துக்குச் சான்றாகக் கொள்ளலாமோ என்று தடை நிகழலாம். தடை நியாயமானதே. கல்வெட்டு ஒன்றனையே பற்றுக்கோடாகக் கொள்ளின் அஃது ஏலாது. ஆனால் ஔவையார் பாடிய புறம் 100ஆம் பாட்டினை நோக்குக. பிறந்த மகனைக் காணக் களத்தினின்று நேரே வந்த அஞ்சியின் கோலத்தை அப்பாட்டுக் காட்டுகின்றது. கையில் வேல், காலில் கழல், உடம்பில் வியர்வை, கழுத்தில் ஈரம் புலராத புண். பகைவரை நோக்கிச் சிவந்த கண் மகனை நோக்கிய போதும் சிவப்பு மாறவில்லை. அவன் தலையிற் சூடியவற்றுள் வெட்சியும் வேங்கையும் உள. அவற்றோடு பனந்தோடும் உளது. பனந்தோடு சேரர்க்குரிய அடையாளம் என்பது தொல்காப்பியம் கற்ற மாணவரெல்லாம் அறிந்தது. ஆகவே தகடூரின் மதிற்புறத்து நின்றோனும் அகத்து நின்றோனும் பனந்தோடே சூடியவர் ஆவர். ஆட்சி வேறு, அடையாளம் ஒன்று என்று கொள்ளுதல் சான்றுகள் யாவற்றுக்கும் பொருந்துவதாகும்.

போரின் காரணம் நீண்ட பகைத்தொடர்ச்சியின் முடிவாகத் தோன்றுகின்றது. அஞ்சி கோவலூரை எறிந்தான் என்பதும், அவ்வெற்றியைப் பரணர் பாடினார் என்பதும் புறம் 99ஆம் பாட்டால் விளங்கும். கோவலூர்க்குரிய காரியோ, ஓரியைக் கொன்று கொல்லிமலையைச் சேரர்க்கு ஈந்தான் என்று அகம் 209 கூறும். இவ்விரு நிகழ்ச்சிகளையும் இணைத்து, நாடிழந்த காரி சேரனைச் சார்ந்தான் எனவும், கொல்லி சேரன் வயமாகவே அதியமான் அஞ்சித் துணைதேடினான் எனவும் வரலாற்றாசிரியர் உய்த்துணர்வர். பதிற்றுப்பத்தின் எட்டாம் பதிகம், கொல்லிக் கூற்றத்தில் அதியமானையும் இருபெரு வேந்தரையும் ஒருங்கு வென்று, அவர்தம் முரசும் குடையும் கலனும் கொண்டு, அதன்பின் தகடூரை எறிந்தான் இரும்பொறை என்று நிரல்படக் கூறும். சோழ பாண்டியர் துணைவந்தும் தகடூர் நிலைக்கவில்லை.

இனி, அகத்து நின்ற பாட்டினைக் காண்பாம். ஔவையார் அஞ்சியையும் அவன் மகன் பொகுட்டெழினியையும் பாடிய பாடல்கள் புறநானூற்றில் இருபதுக்கு மேற்பட்டன. நீதிநூல் பாடிய ஔவையார் இவரின் வேறாவார் என்பது கூறாமலே அமையும். இப்பாடல்களுள் போர்க்கு முன் பகைவரை எச்சரித்துப் பாடியன தனி அழகுடையன. அவற்றில் உள்ள உவமைகள் அரசவையில் பிறந்தன அல்ல. தெருவிலும் தொழிற்களத்திலும் பிறந்தன. நாளொன்றுக்கு எட்டுத் தேர் செய்ய வல்ல தச்சன் ஒரு திங்கள் முயன்று செய்த ஒற்றைத் தேர்க்காலுக்கு அஞ்சியை ஒப்பிடுவார் (புறம் 87). மன்றத்தில் தூங்கும் முழவின்மேல் காற்று மோதி எழும் ஒலியைப் போர்முரசின் ஒலியென்று கருதி மகிழ்பவன் என்பார் (புறம் 89). ஊர்ச் சிறுவர் தன் கொம்பினைக் கழுவப் படிந்து கிடக்கும் யானை போல் எமக்கு இனியன். அவ்யானை மதம்பட்டாற் போல் பகைவர்க்கு இன்னான் என்பார் (புறம் 94). வீட்டு இறப்பில் செருகி வைத்த தீக்கடைகோல் போல் அடங்கியும் இருப்பான், அதனினின்று எழும் தீப்போல் வெளிப்படவும் செய்வான் என்பார் (புறம் 315). கற்றோர் அவையின் புறத்தே நின்ற தச்சனும் உழவனும் இவற்றைக் கேட்ட அளவில் உணர்வர். பாட்டுப் பரவுதற்குரிய வழி இஃதே. எந்நாட்டுப் போர்ப்பாடலும் இவ்வியல்பு பற்றியே மக்கள் வாயில் நிலைக்கின்றது.

தொண்டைமானிடம் தூது சென்ற ஔவையார், அவன் காட்டிய படைக்கலக் கொட்டிலைக் கண்டு பாடியது புறம் 95. நின் படைக்கலங்கள் நெய்பூசி மாலை சூட்டிக் காவல் மனையில் உள்ளன. எம் தலைவனுடையவோ நுனி முறிந்து கொல்லன் உலைக்களத்தில் கிடக்கின்றன என்பது அதன் கருத்து. அங்கதத்துக்கு உதாரணமாக இப்பாட்டினைக் காட்டுதல் வழக்கம். ஆனால் கொல்லன் குடிலைக் கூறியது வெறும் அணியன்று. பர்கூரை அடுத்த மயிலாடும்பாறையில் கிடைத்த இரும்பின் காலம் பொதுயுகத்துக்கு முன் 2172 என்று 2022ஆம் ஆண்டில் அறிவிக்கப்பட்டது. அங்ஙனமாயின், ஔவையார் பாடிய நாளிலேயே இந்நிலத்துக் கொல்லர்தம் தொழில் பழமையெய்தியிருந்தது. உலைக்களத்தில் வேல் கிடத்தல் தகடூர் நாட்டார் நாளும் கண்ட காட்சி.

எனினும் ஒன்று கருதத்தக்கது. இன்று நாட்டுப்பற்றுப் பாடல் என்று நாம் வழங்கும் பொருளில் இவை அமைந்தனவோ? நாட்டினைத் தாயென்றோ தெய்வமென்றோ போற்றும் கருத்து இவற்றில் இல்லை. புகழ்ச்சி முற்றும் தலைவன் மேற்று. நாடு அவன் வழியாகவே பாட்டினுட் புகுகின்றது. புறம் 187இல் ஔவையார் நிலத்தை நேரே விளித்துப் பாடுமிடத்தும், நாடாயினும் காடாயினும், பள்ளமாயினும் மேடாயினும், ஆடவர் நல்லராயின் நிலமும் நன்று என்றே முடிக்கின்றார். நிலத்துக்கெனத் தனிநலம் இல்லை என்பது அவர் துணிபு. இத்துணிபின்கண் ஓர் இடர் உண்டு. தலைவன் வீழின் பாடுதற்கு எஞ்சுவது யாது?

கையறுநிலைப் பாடல்கள் அவ்விடரை நேர்நின்று காட்டுகின்றன. அஞ்சியின் மார்பிற் பாய்ந்த வேல், பாணர் பாத்திரத்தைத் துளைத்து, இரப்போர் கையைத் துளைத்து, புலவர் நாவிலும் சென்று வீழ்ந்தது என்று ஔவையார் கூறுவார் (புறம் 235). இனிப் பாடுநரும் இல்லை, பாடுநர்க்கு ஈகுநரும் இல்லை என்பதே அப்பாட்டின் முடிபு. தலைவனோடு தன் பாட்டும் முடிந்தது என்று ஒரு புலவர் வெளிப்படக் கூறும் இடம் இஃது.

இனிப் புறத்து நின்றோரை நோக்குவாம். பெருஞ்சேரல் இரும்பொறை கொடியன் என்று கொள்ளற்க. முரசு கட்டிலில் அறியாது உறங்கிய மோசிகீரனாரை வாளுக்கு இரையாக்காது, கவரி கொண்டு வீசி நின்றவன் அவனே (புறம் 50). தகடூரை நூறிய கையும் கவரி வீசிய கையும் ஒன்றே. இவனைப் பதிற்றுப்பத்தின் எட்டாம் பத்தாற் பாடியவர் அரிசில்கிழார். அதற்கு அவன் அளித்த பரிசில் வியப்புக்குரியது. தானும் தன் தேவியும் அரண்மனைக்குப் புறத்தே வந்து நின்று, உள்ளன யாவும் கொள்க என்று கூறி, ஒன்பது நூறாயிரம் காணமும் அரசுகட்டிலும் கொடுத்தான் எனவும், புலவர் அரசினை அவனுக்கே திருப்பி அளித்து அமைச்சுப் பூண்டார் எனவும் பதிகம் உரைக்கின்றது.

இதே அரிசில்கிழார்தான் தகடூரில் வீழ்ந்த எழினியை நினைந்து புறம் 230ஆம் பாட்டினைப் பாடினார். எழினி என்றது அஞ்சியையோ அவன் மகனையோ என்பது பற்றி உரையாசிரியரும் ஆராய்ச்சியாளரும் வேறுபடுவர். அவ்வேறுபாடு நம் வினாவைத் தடுப்பதன்று. எவனாயினும் வென்றோனுக்குப் பகைவனே. பாட்டு வீழ்ந்தோனின் நாட்டிலிருந்து தொடங்குகின்றது. கன்றொடு மேயச் சென்ற ஆனிரை இரவில் காட்டிலேயே தங்கும். வழிச்செல்வோர் விரும்பிய இடத்தே உறங்குவர். களத்தில் நெற்குவை காவலின்றிக் கிடக்கும். அத்தகைய செங்கோலோன் களத்தில் வீழ்ந்தான்; தாயிழந்த குழவி போல் சுற்றம் அரற்றுகின்றது. பின்னர்ப் புலவர் கூற்றுவனை நோக்குகின்றார். வறுமையுற்ற உழவன் வித்துநெல்லை உண்டாற் போல நீ இவனை உண்டாய். இவனை விட்டிருந்தால் இவன் களந்தோறும் பகைவர் உயிரைப் பெருக உண்டிருப்பாய் என்கின்றார்.

இவ்வுவமையின் நுட்பம் பலராலும் பாராட்டப்பட்டுள்ளது. ஆயின் அதன் துணிவினைப் பாராட்டினோர் சிலரே. எழினி உயிரோடிருந்தால் அவனால் மடியும் பகைவர் யாவர்? இரும்பொறையின் படைவீரர் அல்லரோ? வென்றோன் அவைக்குரிய புலவர், வீழ்ந்தோன் வாழ்ந்திருப்பின் நம் பக்கத்தார் மேலும் பலர் மடிந்திருப்பர், கூற்றுக்கு அதுவே ஊதியம் ஆகியிருக்கும் என்று பாடுகின்றார். பாட்டின் தொடக்கத்தில் வந்த காவலில்லா நெற்குவையையும் இறுதியில் வந்த வித்துநெல்லையும் ஒருங்கு வைத்து நோக்கின், காக்கப்படாமலே காப்புற்றிருந்த ஒரு நாட்டின் வித்து அழிந்தது என்னும் குறிப்பும் தோன்றும். அழித்தவன் கூற்றுவன் என்று பாட்டுக் கூறும். கூற்றுவன் ஏறிவந்த படை யாருடையது என்பது கேட்போர் எல்லார்க்கும் தெரியும்.

அரிசில்கிழார் காற்று வீசும் பக்கம் சாய்ந்தவர் என்று கூறுவாரும் உளர். முதலில் எழினியின்பால் நின்று, அவன் வீழ்ந்தபின் வென்றோனை அடைந்து பொருள் பெற்றார் என்பது அவர் கொள்கை. பாடல்களின் முறைவைப்பினால் இதனை நிறுவுதல் இயலாது, மறுத்தலும் எளிதன்று. புலவரின் இயல்பினைக் கொண்டே துணிய வேண்டும். அவ்வியல்புக்குச் சான்று வேறிடத்து உண்டு. மனைவியைத் துறந்திருந்த பேகனிடம் சென்று, நீ தரும் அணியும் பொருளும் எனக்கு வேண்டா. நின் மனையாளின் துயர் தீர்க்கத் தேரேறிச் செல்வாயாக, அதுவே யான் வேண்டும் பரிசில் என்று பாடியவரும் இவரே (புறம் 146). பேகனிடம் பொருளை மறுத்தவர், இரும்பொறையிடம் அரசினை மறுத்தவர், பரிசிலுக்காகப் பக்கம் மாறினார் என்றல் பொருந்துமாறில்லை. அமைச்சுப் பூண்டது ஏன் என்று வினவின், வென்ற வேந்தனின் அருகிருந்து அறிவுரை கூறும் உரிமை அதனால் எய்தும் என்பதே என் கருத்து. இது துணிபன்று, பாடல்கள் இடந்தரும் ஓர் ஊகம்.

எனினும் அரிசில்கிழார் செய்யாதது ஒன்று உண்டு. உறையூரில் நெடுங்கிள்ளி அடைபட்டிருக்க நலங்கிள்ளி முற்றியபோது, இருவர்க்கும் இடையே நின்று கோவூர்கிழார் பாடினார் (புறம் 45). எதிர்நிற்போன் பனந்தோடு சூடியவனும் அல்லன், வேப்பந்தார் அணிந்தவனும் அல்லன். இருவர் கண்ணியும் ஆத்தியே. ஒருவர் தோற்பினும் தோற்பது நும் குடி. இருவரும் வெல்லுதல் இயற்கையும் அன்று என்பது அவர் கூறியது. தகடூரிலும் இருவர் கண்ணியும் ஒன்றே ஆதலை முன்னர்க் கண்டோம். கோவூர்கிழார் ஆத்தி பற்றிக் கூறிய சொல்லைப் பனை பற்றிக் கூறினார் ஒருவரும் கிடைத்துள்ள பாடல்களில் இல்லை. ஔவையார் எச்சரித்தார், தூது சென்றார், தூதும் தொண்டைமானிடத்தன்றிச் சேரனிடத்து அன்று. அரிசில்கிழார் வென்றபின் பாடினார், வீழ்ந்தபின் அழுதார். போர்க்கு முன் நின்று தடுத்த பாட்டு இல்லை, அல்லது நமக்கு எட்டவில்லை.

பிறநாட்டு வழக்கையும் ஒருசிறிது நோக்கலாம். அமெரிக்க உள்நாட்டுப் போரில் தென்னவர் தம் நாட்டுப்பண் போலப் பாடிய ‘டிக்சி’ என்னும் பாட்டு, வடமாநிலமாகிய ஒகையோவிற் பிறந்த டேனியல் எம்மெட் என்பவரால் 1859ஆம் ஆண்டில் நியூயார்க்கு மேடைக்கென ஆக்கப்பட்டது. தென்னவர் படைத்தலைவர் லீ பணிந்த மறுநாள், 1865 ஏப்பிரல் 10ஆம் நாள், குடியரசுத் தலைவர் லிங்கன் அப்பாட்டினையே இசைக்குமாறு வேண்டினார். தோற்றோர் பாட்டை வென்றோர் ஏற்றுக்கொண்ட செயல் அது. அதனினும் அரிசில்கிழார் பாட்டு ஒருபடி மேற்சென்றது. பாட்டினை ஏற்றல் வேறு, பகைவனுக்காக அழுதல் வேறு. நம் காலத்தில், 1983 முதல் 2009 வரை இலங்கையில் நிகழ்ந்த உள்நாட்டுப் போரில் காசி ஆனந்தன், புதுவை இரத்தினதுரை முதலியோர் பாடல்கள் ஒலிநாடா வழியாகக் கடல் கடந்தும் பரவின. அவர்தம் நிலை ஔவையார் நிலையை ஒத்தது: ஒரு பக்கத்தைச் சார்ந்து நின்று, அப்பக்கத்தின் வீழ்ச்சியோடு பாட்டும் அடங்கும் நிலை. 2009ஆம் ஆண்டு மே மாதத்தில் சரணடைந்தோருள் ஒருவராகக் கூறப்படும் புதுவை இரத்தினதுரையின் நிலை பின்னர் அறியப்படவில்லை. பாணர் பாத்திரத்தைத் துளைத்த வேல் புலவர் நாவையும் துளைத்தது என்ற சொல் இங்கு அணியாக நில்லாது.

தகடூர்ப் போர் பற்றித் தனிநூல் ஒன்று இருந்தது. தகடூர் யாத்திரை என்பது அதன் பெயர். செய்யுளியலில் தொன்மை என்னும் வனப்புக்குப் பேராசிரியர் காட்டும் எடுத்துக்காட்டுகளுள் பெருந்தேவனார் பாரதத்தோடு இதுவும் ஒன்று. உரைநடை இடையிட்ட பாட்டாக அது அமைந்திருந்தது என்பது இதனாற் பெறப்படும். நச்சினார்க்கினியர் புறத்திணை உரையில் அதன் செய்யுட்கள் சிலவற்றை எடுத்தாள்வர். பொன்முடியாரும் அரிசில்கிழாரும் அப்போர்க்களத்தோடு தொடர்புற்றுப் பாடினமை அவ்வுரையால் தெரிகின்றது. புறத்திரட்டு என்னும் தொகைநூல் வேறு சில செய்யுட்களைக் காத்துத் தந்தது. 1938ஆம் ஆண்டு சென்னைப் பல்கலைக்கழகப் பதிப்பாக வையாபுரிப் பிள்ளை அதனை வெளியிட்டார். எஞ்சியன செய்யுட்களே, அவற்றை இணைத்த உரைநடை முற்றும் அழிந்தது. இழப்பின் அளவு இதனால் பெரிது. இன்ன வீரன் இன்னாரிடம் கூறியது, இன்ன புலவர் இன்ன பக்கத்து நின்று உரைத்தது என்னும் குறிப்பெல்லாம் அவ்வுரைநடையிலேயே அடங்கியிருத்தல் வேண்டும். மதிலின் இருபுறத்துக் குரலும் ஒரே நூலில் தொகுக்கப்பட்டிருந்தன என்பதே அந்நூலின் தனிச்சிறப்பு. இன்றோ அக்குரல்களுள் பல எப்புறத்தன என்று பிரித்தறிதல் அரிதாயிற்று. கோவூர்கிழார் சொல்லை ஒத்த சொல் ஒன்று அதன்கண் இருந்ததோ என்னும் வினாவும் அவ்வழியே விடையின்றி நிற்கின்றது.

பாடல் அழிந்தவிடத்துக் கல் எஞ்சியது. அஞ்சிக்கு நட்ட கல்லுக்குப் பீலி சூட்டிச் சிறுகலத்தில் கள் உகுக்கின்றனரே, மலை செறிந்த நாடு முழுவதும் கொடுப்பினும் கொள்ளாதவன் இதனைக் கொள்வானோ என்று ஔவையார் வினவினார் (புறம் 232). அக்கல் எங்குள்ளது என்பதற்குச் சான்றில்லை. ஆனால் நடுகல் மிகுந்த நிலம் இது. செங்கம் பகுதி நடுகற்கள் 1972ஆம் ஆண்டில் தமிழ்நாட்டுத் தொல்பொருள் ஆய்வுத் துறையால் நூலாக்கப்பட்டன. தருமபுரி, கிருட்டிணகிரி மாவட்டங்களின் கற்கள் பின்னர்த் தொடர்ந்து படியெடுக்கப்பட்டு வருகின்றன. வட்டெழுத்துக் கற்களில் அரசனின் ஆட்சியாண்டும், வீரனின் தலைவன் பெயரும், வீரன் பெயரும், அவன் மீட்ட நிரையும் இருக்கும். ஓசூர்ப் பக்கத்தில் கன்னட எழுத்துடைய கற்களும் உள. எவ்வெழுத்தாயினும் கல் பாடுவதில்லை. செய்தி கூறி அமையும். பல ஊர்களில் அவ்வெழுத்தையும் படிப்பாரின்றி, வீரன் பெயர் மறைந்து, கல் வேடியப்பன் என்னும் தெய்வமாகிப் பொங்கலும் படையலும் பெறுகின்றது.